வயலுக்கு ஒரு வடிகால் வையுங்கள்: விளையாட்டு செய்யும் பிள்ளைகளுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள தம்பி தங்கைகளுக்கு,

சென்னையிலும் கோவையிலும் பெங்களூரிலும் உட்கார்ந்து வீடியோ கேம் செய்யும் தமிழ்ப் பிள்ளைகளுக்காக இதை எழுதுகிறேன். வீடு கட்டி, மாடு வளர்த்து, பயிர் வைத்து, ஊராரோடு பழகி வாழும் விளையாட்டு ஒன்றை உங்களில் யாராவது என்றைக்காவது நம் ஊரை வைத்துச் செய்வீர்கள். அதில் நெல் வராமல் இருக்காது. அந்த நெல்லைப் பற்றித்தான் இந்த மடல்.

எங்கள் ஊர் திருவாரூர் பக்கம், கடைமடை, அதாவது காவிரித் தண்ணீர் கடைசியாக வந்து சேரும் இடம். அப்பாவுக்கு ஒன்பது மா நிலம், அதாவது மூன்று ஏக்கர். கோடை விடுமுறைக்குப் போயிருந்தபோது என் மகள் திண்ணையில் உட்கார்ந்து போனில் ஸ்டார்டியூ வேலி என்ற பண்ணை விளையாட்டை விளையாடிக்கொண்டிருந்தாள். கடையில் நாற்று வாங்கிக் குளத்தங்கரையில் நட்டாள். அப்பா கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு பக்கத்தில் வந்து பார்த்தார்.

"எத்தன நாள்ல அறுப்பு?"

"எட்டு நாள் தாத்தா. தண்ணி பக்கத்துல நட்டா ஆறே நாள்."

அதற்கு அவர் ஒன்றும் சொல்லவில்லை. விளையாட்டு என்றால் அப்படித்தான் என்று அவருக்குத் தெரியும். கொஞ்ச நேரம் கழித்து வேறொன்று கேட்டார்: "தண்ணி வெக்கிறதெல்லாம் சரி. வடியறது எங்கம்மா?"

மகளிடம் பதில் இல்லை. என்னிடமும் இல்லை.

அந்த விளையாட்டை நான் குறை சொல்லவில்லை. எரிக் பரோன் என்ற ஒரே ஆள் நான்கு ஆண்டுகளுக்கும் மேல் உழைத்து 2016-ல் வெளியிட்டது அது. மகள் தூங்கிய பிறகு நானும் எத்தனையோ இரவு விளையாடியிருக்கிறேன். அவர் தனக்குத் தெரிந்த மண்ணை வைத்துச் செய்தார், அதனால்தான் அது அவ்வளவு நன்றாக இருக்கிறது. நம் மண்ணை வைத்துச் செய்ய வேண்டியது நீங்கள்.

நாள் கணக்கைப் பற்றி எனக்குக் கவலை இல்லை. அந்த விளையாட்டில் ஒரு பருவத்துக்கு 28 நாள், நான்கு பருவம் சேர்ந்து ஓராண்டுக்கு 112 நாள். ஆடுதுறை 36 என்ற நெல் ரகத்தைக் குறுவையில், அதாவது ஜூனில் தொடங்கும் குறுகிய காலப் போகத்தில் போட்டால் 110 நாள். அவர்களுடைய ஓராண்டும் எங்களுடைய ஒரு குறுவையும் ஏறக்குறைய ஒன்று. அவ்வளவு நாள் யாரும் காத்திருந்து விளையாட மாட்டார்கள், சுருக்குங்கள். தண்ணீரை மட்டும் சுருக்காதீர்கள்.

இந்த விளையாட்டுகளில் தண்ணீர் என்றால் பூவாளி. குளத்தில் மொண்டு, கட்டம் கட்டமாக ஊற்றுகிறோம். யாரையும் கேட்க வேண்டியதில்லை. எங்கள் வயலுக்கு வரும் தண்ணீரோ மேட்டூரில் புறப்படுகிறது. வழக்கப்படி ஜூன் 12-ல் அணையைத் திறந்து ஜனவரி 28-ல் மூட வேண்டும். அணையில் இருப்பு இல்லாத ஆண்டில் அந்தத் தேதி தள்ளிப்போகும், குறுவையே போடாமல் நேரே அடுத்த போகமான சம்பாவுக்குப் போய்விடுவோம். திறந்த தண்ணீர் கல்லணைக்கு வந்து, ஆறு ஆறாகப் பிரிந்து, வாய்க்காலாகிக் கன்னி வாய்க்காலாகி, ஒவ்வொருத்தர் மடையாகத் தாண்டி, கடைசியில்தான் எங்களிடம் வரும்.

காய்ந்து கிடக்கும் வாய்க்காலில் முதல் தண்ணீர் வருவதை நீங்கள் பார்த்திருக்கிறீர்களா? சத்தமே இருக்காது. சருகையும் வைக்கோல் துணுக்கையும் எறும்பையும் முன்னால் தள்ளிக்கொண்டு, ஓரமெல்லாம் பழுப்பு நுரையோடு ஊர்ந்து வரும். வெடிப்பு விட்ட இடத்தில் நின்று, அதைக் குடித்து முடித்துவிட்டு, மறுபடி நகரும். சின்ன வயதில் நாங்கள் அதன் கூடவே நடந்து வருவோம். ஓட வேண்டியதில்லை, அது அவ்வளவு மெதுவாகத்தான் வரும். உங்கள் விளையாட்டில் வேறெதுவும் நன்றாக வராவிட்டாலும் பரவாயில்லை, இந்த ஒரு காட்சியை வைத்துவிடுங்கள்.

அப்புறம், முறை. தண்ணீர் குறைவாக வரும் ஆண்டில் முறை வைத்துத்தான் பாய்ச்சுவார்கள். ஸ்டார்டியூவில் இரவு 2 மணிக்கு மேல் விழித்திருக்க முடியாது, ஆள் மயங்கி விழுந்துவிடுவார். ஒரு வருஷம் அப்பாவுக்கு முறை வந்ததே அந்த 2 மணிக்குத்தான். டார்ச் லைட்டும் மண்வெட்டியுமாக மடையில் உட்கார்ந்திருப்பார். மேல் வயல்காரர் தன் மடையை அடைத்தால்தான் எங்களுக்குத் தண்ணீர். அவர் தூங்கிவிட்டால் போய் எழுப்ப வேண்டும், எழுப்புகிற அளவுக்குப் பழக்கம் இருக்க வேண்டும். ஊராருக்குப் பரிசு கொடுத்து நட்பு சேர்ப்பது இந்த விளையாட்டுகளில் ஏற்கெனவே இருக்கிறது. அந்த நட்புக்கு இதைவிட நல்ல வேலை எது?

மழையும் அப்படித்தான். விளையாட்டில் மழை பெய்தால் நல்ல நாள், பூவாளியைத் தொடாமல் மீன் பிடிக்கப் போகலாம். எங்களுக்கு ஐப்பசி, கார்த்திகையில் நாலு நாள் விடாமல் கொட்டினால் நட்ட இளம்பயிர் முழுகிவிடும். தையில் கதிர் முற்றி நிற்கும்போது பெய்தால் பயிர் சாய்ந்து, நெல் கதிரிலேயே முளைக்கும். அதை நான் பார்த்திருக்கிறேன். சேற்றில் படுத்திருந்த ஒரு கதிரைத் தூக்கினால், மணிக்கு மணி வெள்ளையாக, நகக்கண் அளவுக்கு முளை. அப்பா அதை உள்ளங்கையில் வைத்துப் பார்த்துக்கொண்டே நின்றார். அன்றைக்கு வயலில் நின்ற தண்ணீர் வடிந்திருந்தால் பாதியாவது தப்பியிருக்கும். ஆகாயத்தாமரை அடைத்துக் கிடந்த வடிகாலில் எப்படி வடியும்?

அப்பா கேட்ட கேள்வி அங்கிருந்து வந்தது. அதனால் உங்கள் விளையாட்டில் மழைக்கு முன்னால் ஊரே சேர்ந்து வடிகால் தூர் வாரும் நாள் ஒன்று வேண்டும். குடிமராமத்து என்று அதற்குப் பெயரே இருக்கிறது. தன் வயலோரம் ஒருத்தர் வாராமல் விட்டால், மேலே இருக்கிறவர் வயலில் தண்ணீர் நிற்கட்டும். அப்போது விளையாடுகிற பிள்ளைக்கு அண்டை வயல் என்றால் என்னவென்று தெரியும்.

நாற்றங்கால், சேறடிப்பது, நடவு, களை இதெல்லாம் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். ஒன்று மட்டும் சொல்கிறேன். நெல்லில் எந்நேரமும் தண்ணீர் நிற்க வேண்டியதில்லை. காய்ச்சலும் பாய்ச்சலுமாக, ஒரு முறை பாய்ச்சிக் கொஞ்சம் காயவிட்டு மறுபடி பாய்ச்சினால்தான் பயிர் பக்கத்தில் கிளைத்துத் தூர் நன்றாகக் கட்டும். தினமும் ஒரே அளவு ஊற்றுகிற விளையாட்டை விட, எப்போது நிறுத்துவது என்று யோசிக்க வைக்கிற விளையாட்டு சுவாரசியமாக இருக்கும்.

அறுத்த பிறகு என்ன என்பதற்கு வருகிறேன். ஸ்டார்டியூவில் நெல்லை ஆலையில் போட்டால் மறுநாள் அரிசி. மகள் அதில் பாலும் சர்க்கரையும் சேர்த்துப் பாயசம் மாதிரி ஒன்று செய்தாள், சந்தோஷமாக இருந்தது. ஆனால் அங்கே கோதுமையை அறுத்தால் சில நேரம் வைக்கோல் கிடைக்கிறது, நெல்லை அறுத்தால் கிடைப்பதில்லை. இங்கே வைக்கோல் போர் இல்லாத மாட்டுக்காரர் வீடு உண்டா? உமி அடுப்புக்கு, தவிடு மாட்டுக்கு, நொய் கஞ்சிக்கு. அவித்து அரைத்தால் புழுங்கல், அப்படியே அரைத்தால் பச்சரிசி. இடித்தால் அவல், வறுத்தால் பொரி. இரவு மிஞ்சிய சோற்றில் தண்ணீர் ஊற்றி வைத்தால் விடிந்ததும் பழையது. தூங்கி எழுந்தால் தானாகத் தயாராகும் ஒரு சாப்பாடு, உங்களுக்கு எவ்வளவு தோதான விஷயம்!

ஒரு கட்டத்தில் ஒரு பயிர் என்பதையும் மாற்றுங்கள். சம்பா அறுப்புக்கு ஒரு வாரம், பத்து நாள் முன்னாலேயே நிற்கிற பயிருக்குள் உளுந்தைத் தெளித்துவிடுவோம். நெல்லை அறுத்து எடுக்கும்போது தாளுக்கு நடுவில் உளுந்து முளைத்திருக்கும். மண்ணில் மிஞ்சிய ஈரத்திலும் பனியிலும் அது விளைந்துவிடும்.

இதெல்லாம் விளையாட்டில் முடியுமா என்று கேட்கலாம். ஜப்பானில் ஒரு சிறு குழு 2020-ல் சகுனா என்ற விளையாட்டை வெளியிட்டது. விதை பொறுக்குவது, வயலில் தண்ணீர் அளவு பார்ப்பது, கதிரைக் காயப்போடுவது, அடிப்பது, உமி நீக்குவது எல்லாம் அதில் உண்டு. பத்து லட்சத்துக்கும் மேல் விற்றது.

நம்மிடம் அவர்களிடம் இல்லாத ஒன்றும் இருக்கிறது. திருத்துறைப்பூண்டி பக்கம் ஆதிரெங்கத்தில் நெல் ஜெயராமன் நெல் திருவிழா நடத்தினார். 2 கிலோ விதை நெல் வாங்கிப் போகிறவர் விளைவித்து, அடுத்த ஆண்டு 4 கிலோவாகத் திருப்பித் தர வேண்டும். இப்படியே 174 பாரம்பரிய ரகங்களை மீட்டுவிட்டு 2018 டிசம்பரில் அவர் காலமானார். காட்டுயானம், பூங்கார், மாப்பிள்ளை சம்பா, தூயமல்லி என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு குணம். காட்டுயானம் தண்ணீர் தேங்கினாலும் தாங்கும், பூங்கார் சீக்கிரம் விளையும். உங்கள் விளையாட்டில் விதை கடையில் காசுக்குக் கிடைக்க வேண்டாம். திருவிழாவில் இரண்டு வாங்கி நான்கு தரட்டும்.

ஆவணியில் சம்பா நாற்று விடுவோம். யாராவது வந்து பார்க்க விரும்பினால் வாருங்கள். அப்பா வயலில்தான் இருப்பார். எதைக் கேட்டாலும் சொல்வார், நடுவே உங்களையும் ஏதாவது கேட்பார். மண்வெட்டி வீட்டில் இரண்டு இருக்கிறது.

அன்புடன்,
ஒரு கடைமடைக்காரரின் மகள்