இரண்டு ஃபிரேம்

அன்புள்ள பாப்பாவுக்கு,

அப்பா எழுதுவது. இங்கே எல்லோரும் நலம். ஞாயிற்றுக்கிழமை போனில் நீ அழுதது இன்னும் காதிலேயே இருக்கிறது. இரண்டு வருஷமாக எடிட்டிங் ரூமில் ஒலியைப் படத்தோடு சேர்ப்பதும் ஷாட்டுக்குப் பெயர் போட்டு அடுக்குவதும்தான் வேலை, ஒரு காட்சியைக்கூட வெட்டத் தரவில்லை என்றாய். அப்போது எனக்குப் பதில் வரவில்லை. இப்போது ஒருவர் கதையைச் சொல்கிறேன்.

ஆன் கோட்ஸ் என்று ஒரு ஆங்கிலேய எடிட்டர் இருந்தார். 1925-இல் பிறந்தவர். பெரிய சினிமா முதலாளி ஆர்தர் ரேங்க் அவருக்குத் தாய்மாமன். அந்த மாமா கொண்டுபோய்ச் சேர்த்த இடம் எது தெரியுமா? தேவாலயங்களுக்கு மதப் படங்கள் அனுப்பும் பிரிவு. ஊர் சுற்றி வந்த பிரிண்டுகளைச் சரிபார்த்து, கிழிந்ததை ஒட்டித் திரும்ப அனுப்புவதுதான் வேலை.

என் கைக்குத் தெரிந்த வேலை அது. தியேட்டரில் பிலிம் அறுந்தால் கீழே விசில் பறக்கும். நான் மேலே புரொஜெக்டர் ரூமில் பிலிமின் மேல்பூச்சைச் சுரண்டி, பிலிம் ஒட்டும் பசையைத் தடவி, துளைக்குத் துளை பொருத்தி அழுத்திப் பிடித்துக்கொண்டிருப்பேன். நீ ஸ்டூலில் உட்கார்ந்து, மிஞ்சிய துண்டை விளக்குக்கு நேரே தூக்கிப் பார்ப்பாய்.

அப்புறம் அவர் பைன்வுட் ஸ்டூடியோவில் உதவியாளர். 1952-இல்தான் எடிட்டராகப் பெயர் வந்தது. பத்து வருஷம் கழித்து டைரக்டர் டேவிட் லீனின் 'லாரன்ஸ் ஆஃப் அரேபியா'. அதுகூட, ஆல்பர்ட் ஃபின்னி என்ற நடிகரை வைத்து எடுத்த டெஸ்ட் காட்சிகளை வெட்டிக்கொடுக்கப் போன இடத்தில் கிடைத்தது. ஃபின்னி அந்தப் படத்தில் நடிக்கவில்லை. டெஸ்ட்டை வெட்டியவருக்கு வேலை கிடைத்தது.

அதில் கதாநாயகன் லாரன்ஸ் எரியும் தீக்குச்சியை ஊதுவான். உடனே பாலைவனத்தில் விடியல். ஸ்கிரிப்டில் அது டிஸால்வ், அதாவது ஒரு காட்சி மெல்லக் கரைந்து அடுத்ததாக மாறுவது. அந்தக் காலத்தில் டிஸால்வை பிலிம் கழுவும் லேபில்தான் செய்ய முடியும். எடிட்டிங் ரூமில் இரண்டு துண்டையும் நேரே ஒட்டித்தான் ஓடவிடுவார்கள். அப்படிப் பார்க்கும்போதுதான், இந்த ஒட்டே போதுமே என்று லீனுக்கும் கோட்ஸுக்கும் தோன்றியது. கிட்டத்தட்ட சரி, இன்னும் சரியாக்கிக் கொண்டுவா என்றாராம் லீன். கோட்ஸ் வெட்டி எடுத்தது இரண்டே ஃபிரேம். ஃபிரேம் என்பது பிலிமில் ஒரு தனிப் படம், நொடிக்கு இருபத்துநான்கு ஓடும். இரண்டு என்றால் ஒரு நொடியில் பன்னிரண்டில் ஒரு பங்கு!

நான் அறுந்த இடத்தை ஒட்டும்போதும் இரண்டு ஃபிரேமாவது போகும். போகிறதே என்று மனசு அடித்துக்கொள்ளும். ஒருத்தர் வேண்டுமென்றே அதை எடுத்துக் காட்சியை உயர்த்தினார் என்று தெரிந்த அன்று எனக்குத் தூக்கமே வரவில்லை, பாப்பா.

அந்தப் படத்துக்கு அவருக்கு ஆஸ்கர் கிடைத்தது. 2016-இல் கௌரவ ஆஸ்கரும் கொடுத்தார்கள். அதற்கு முந்தின வருஷம்கூட அவர் எடிட் செய்த படம் வந்தது.

நீ அடுக்குகிற ஷாட்டுகளில் இரண்டை எடுத்து, வேலை முடிந்தபின் உனக்காக ஒட்டிப் பார். யாரும் கேட்காவிட்டால் பரவாயில்லை. என்ன தெரிந்தது என்று எனக்குச் சொல்.

பரணிலிருந்த என் பிலிம் ஒட்டும் மெஷினை இறக்கித் துடைத்து எண்ணெய் போட்டு வைத்திருக்கிறேன். பொங்கலுக்கு வரும்போது எடுத்துக்கொண்டு போ.

அன்புடன்,
அப்பா