மாப்பிள்ளையின் ஸ்ட்ராபெர்ரி கணக்கு

மதுரை,
ஆவணி, வியாழக்கிழமை ராத்திரி

அன்புள்ள குண்டுமல்லிக்கு,

இங்கே எல்லாரும் சௌக்கியம். இவருக்கு முட்டி வலி அப்படியே இருக்கிறது, கடையும் அப்படியே ஓடுகிறது. சின்னவன் ஹாஸ்டல் சாப்பாட்டைத் திட்டித் திட்டியே நன்றாகச் சதை போட்டிருக்கிறான். விசாரிப்பு முடிந்தது, விஷயத்துக்கு வருகிறேன்.

ஞாயிற்றுக்கிழமை நீ போன் பண்ணியபோது 'ம்', 'சரி', 'பாக்கலாம்' என்பதைத் தாண்டி நான் எதுவும் பேசவில்லை என்று உனக்குக் கோபமாம். உன் பெண் பாப்பா சொன்னாள். ஏண்டி, ஸ்பீக்கரைப் போட்டு, மாப்பிள்ளையையும் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு, "கொடைக்கானல்ல நிலம் குத்தகைக்கு எடுத்து ஸ்ட்ராபெர்ரி போடப் போறாரு, உன் கடையில எடுத்துக்குவேல்ல?" என்று கேட்டால் நான் என்ன சொல்லட்டும்? வீட்டுக்கு வந்த மருமகன் முகத்தில் அடித்த மாதிரி பேச நான் என்ன நம்ம சைக்கிள் மேடமா? அதனால்தான் லெட்டர். நீ படி, உன் வீட்டு அண்ணனுக்கும் படித்துக் காட்டு. மாப்பிள்ளை காதில் எதைப் போட வேண்டுமோ அதை மட்டும் வடிகட்டிப் போடு. ஹாஸ்டல் வார்டனிடம் அந்தக் காலத்தில் எனக்காக நீ அவிழ்த்துவிட்ட பொய்களுக்கு முன்னால் இதெல்லாம் உனக்கு ஒரு வேலையா?

மாப்பிள்ளை எழுதிய கணக்கைப் பாப்பா வாட்ஸ்அப்பில் அனுப்பியிருந்தாள். ஒரு ஏக்கருக்கு 20,000 நாற்று, நாற்று ஒன்று பத்து ரூபாய். செடிக்கு அரைக் கிலோ காய்த்தால் 10 டன். கிலோ 200 ரூபாய்க்கு விற்றால் 20 லட்சம். பெருக்கலில் தப்புக் கண்டுபிடிக்க முடியாது, அவ்வளவு சுத்தம். ஆனால் அந்தக் கணக்கில் பழம் பறித்த அன்றைக்கே எல்லாம் விற்றுத் தீர்ந்துவிடுகிறது. எனக்கு இடிப்பது அங்கேதான்.

நீயே ஒரு காகிதம் எடுத்துப் போட்டுப் பார். 10 டன்னை 200 கிராம் டப்பாவில் அடைத்தால் 50,000 டப்பா. மார்கழியில் ஆரம்பித்துப் பங்குனி பாதி வரை நூறு நாள் பழம் வரும் என்று அவரே எழுதியிருக்கிறார். அப்படியானால் நாள் ஒன்றுக்கு 500 டப்பா. அண்ணா நகரில், கார் நிறுத்தி வாங்குகிறவர்கள் வருகிற பழக்கடை என்னுடையது. இங்கேயே ஒரு நாளில் பத்து டப்பா போய்விட்டால் ராத்திரி இவர் பாட்டுப் பாடிக்கொண்டுதான் ஷட்டரை இறக்குவார். கே.கே. நகர், எஸ்.எஸ். காலனி, பெரிய சூப்பர் மார்க்கெட்டுகள் எல்லாவற்றையும் சேர்த்துக்கொண்டாலும் தினம் 500 டப்பா தின்ன மதுரையில் ஆள் எங்கேடி இருக்கிறது? அதுவும் மாப்பிள்ளை ஒருத்தருடைய டப்பாவை மட்டும்?

ஏனென்றால் மகாபலேஸ்வர் சரக்கு ஏற்கெனவே இங்கே வருகிறது. இந்தியாவில் விளைகிற ஸ்ட்ராபெர்ரியில் நூற்றுக்கு எண்பது, எண்பத்தைந்து பங்கு அந்த மலையில்தான். 2010-லேயே புவிசார் குறியீடும் வாங்கி வைத்திருக்கிறார்கள். தை பிறந்து அங்கே பழம் குவிய ஆரம்பித்தால், அத்தனை தூரம் தாண்டி வந்தும் அவர்கள் டப்பா இறங்கின விலைக்கு விற்கும். பக்கத்து மலைப் பழம்தானே, நமக்குச் சல்லிசாகக் கிடைக்கும் என்று நீ நினைப்பாய். தோட்டம் சின்னது, வேன் வாடகையோ முழு வாடகை. சின்னத் தோட்டத்துப் பழம் என்றைக்கும் சல்லிசாக மலை இறங்கியதில்லை.

இறங்கி வருகிற வழியைக் கேள். கொடைக்கானல் 2,100 மீட்டர் உயரம். அங்கிருந்து வத்தலக்குண்டு வரைக்கும் வளைவு வளைவாக இறங்கி, மதுரை வந்து சேர 120 கிலோமீட்டர் ஆகிவிடுகிறது. காலையில் ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு பறித்த பழம் மத்தியானம் நம்ம ஊர் வெயிலில் நிற்கும். மாம்பழம், வாழைப்பழம் மாதிரி காயாகப் பறித்து வைத்துப் பழுக்க வைக்கவும் வழியில்லை. ஸ்ட்ராபெர்ரி செடியில் எந்த நிலையில் பறித்தாயோ அந்த ருசியோடு நின்றுவிடும். அப்புறம் நிறம் கொஞ்சம் கூடலாம், இனிப்பு கூடாது. பறித்த சில மணி நேரத்துக்குள் குளிர்பதனத்தில் வைத்து, வண்டியிலும் கடையிலும் அந்தக் குளிர் விட்டுப்போகாமல் பூஜ்யம் டிகிரி பக்கம் வைத்திருந்தால் ஒரு வாரம் தாங்கும். நடுவில் ஓரிடத்தில் குளிர் அறுந்தால் போச்சு. மாப்பிள்ளை கணக்கில் குளிர் வண்டிக்கு ஒரு வரிகூட இல்லை, நானும் மேலும் கீழும் தேடிவிட்டேன்.

போன மாசியில் ஒரு ஏஜென்ட் அனுப்பின லோடு வந்தது. அட்டைப் பெட்டியைத் தூக்கும்போதே அடிப்பாகம் கையோடு பிய்ந்துகொண்டு வந்தது. உள்ளே சாறு இறங்கி அட்டை சிவப்பாக ஊறியிருந்தது. டப்பாவைத் திறந்தால் மேல் வரிசை பெரிது பெரிதாக, கல்யாணப் பெண் மாதிரி மினுக்கிக்கொண்டிருக்கிறது. இரண்டு பழத்தை நகர்த்தினால் அடியில் ஒன்று சாம்பல் நிறத்தில் முடி முளைத்துக் கிடக்கிறது. அதை ஒட்டியிருந்த நாலு பழத்திலும் புள்ளி ஏறிவிட்டது. புளித்த வாடை கடை முழுக்க. அன்றைக்கென்று வந்த எதிர் வீட்டு டாக்டரம்மா மூக்கைப் பொத்திக்கொண்டு எலுமிச்சம்பழம் மட்டும் வாங்கிக்கொண்டு போனார். ஏஜென்ட் போனை எடுக்கவே இல்லை. அடுத்த வாரம் எடுத்தவர், "உங்க ஃபிரிட்ஜ் சரியில்லக்கா" என்றார். என் ஃபிரிட்ஜை அவர் எந்த ஊரில் இருந்து பார்த்தாரோ!

சரி, இதெல்லாம் கூட சமாளிக்கலாம். எனக்கு உண்மையான கவலை வேறு. மதுரையில் ஸ்ட்ராபெர்ரியை யார் வாங்குகிறார்கள் என்று நினைக்கிறாய்? மில்க்‌ஷேக் கடைக்காரர் வாங்க மாட்டார், அவருக்குப் பாட்டிலில் வருகிற கிரஷ் போதும். பிள்ளைகள் ஒரு தடவை கேட்கும், கடித்துப் பார்த்துப் புளிக்கிறது என்று முகத்தைச் சுளிக்கும், அடுத்த தடவை அம்மாக்கள் ஆப்பிளுக்குப் போய்விடுவார்கள். பேக்கரிக்காரர்கள் கேக்குக்கு மேலே வைக்கக் கொஞ்சம் எடுப்பார்கள், கிறிஸ்துமஸுக்கு இன்னும் கொஞ்சம் கூட. மொத்தமாகத் தூக்குகிறவர்கள் கேட்டரிங்காரர்கள்தான். இப்போது எந்தப் பெரிய கல்யாணத்துக்குப் போனாலும் சாக்லேட் அருவி ஒன்று ஓடுகிறது பார், அதில் குச்சியில் குத்தி நனைத்துத் தருகிறார்களே, அதற்குத்தான்.

அந்தக் கேட்டரிங்காரருக்குப் பழம் வேண்டியது முகூர்த்த நாளில். செடி முகூர்த்தம் பார்த்துக் காய்க்குமா? மாப்பிள்ளைக்கு முதல் பறிப்பு வருவது மார்கழியில், ஊரில் ஒரு கல்யாண மண்டபமும் திறக்காத மாதம். தை பிறந்ததும் ஒரே நாளில் பத்து மண்டபம், எல்லாருக்கும் அன்றைக்கே வேண்டும். அன்றைக்கு எவ்வளவு கொண்டுவந்தாலும் பத்தாது. மறுநாள் கேட்க நாதியில்லை. செடியோ ஒன்று விட்டு ஒரு நாள் பறித்தே ஆக வேண்டும், விட்டால் அதிலேயே கனிந்து அழுகும். மேலே மார்கழி, தையில் உறைபனி விழுந்து பூ கருகினால் அதற்கு ஒரு மாதம் கழித்து வருகிற முகூர்த்தத்துக்குச் சரக்கே இருக்காது. நீ வாக்குக் கொடுத்த கேட்டரிங்காரர் மண்டபத்தில் நின்றுகொண்டு உன் மாப்பிள்ளைக்குப் போன் போடுவார். அந்த வசவை நான் கேட்டிருக்கிறேன். பி.காம். படித்த காதுகளுக்கு ஆகாது.

டூரிஸ்ட்டுக்கு ரோட்டோரம் வைத்து விற்கலாமே என்று அண்ணன் சொன்னாராம். அது ஒன்றுதான் கேட்க ஒழுங்காக இருக்கிறது. மலையிலேயே விற்றால் வேனும் வேண்டாம், குளிரும் வேண்டாம். ஆனால் 2024 மே மாதத்திலிருந்து இ-பாஸ் இல்லாமல் வெளியூர் வண்டி மலை ஏற முடியாது. கோடையில் வண்டி எண்ணிக்கைக்கும் கோர்ட் அளவு வைத்துவிட்டது. அங்கே ஏற்கெனவே டப்பாவும் கையுமாக நிற்கிற உள்ளூர்க்காரர்களோடு நம்ம மாப்பிள்ளை போய்க் கூவி விற்பாரா? டை கட்டின கையடி அது. புளூபெர்ரி என்றும் ஒரு பேச்சு எடுத்தாராம், அதை முளையிலேயே கிள்ளிவிடு. அதற்கு நல்ல புளிப்பு மண் வேண்டும். கடையில் நான் வைப்பது பெரு நாட்டுப் பழம், 125 கிராம் டப்பா முந்நூறைச் சுற்றி. ஜிம்முக்குப் போகிற பையன்கள் வாங்குகிறார்கள், அதுவும் மாத முதல் வாரத்தில்.

மதுரை என்ன தின்னும் என்று என்னைக் கேள், விடிய விடியச் சொல்வேன். கம்பம் பன்னீர் திராட்சை! சுருளிப்பட்டி பக்கம் சாயங்காலம் வெட்டினது விடிகாலையில் மாட்டுத்தாவணியில் இருக்கும். நீ பார்த்த சிம்மக்கல் பழ மார்க்கெட் இப்போது அங்கே போய்விட்டது. நாலு மணிக்குப் போனால்தான் நல்ல பெட்டி, ஆறு மணிக்கு மிச்சம்தான். பழத்தின் மேலே வெள்ளையாக மாவு படிந்திருக்கும், விரலால் தொட்டால் ரேகை விழ வேண்டும், அதுதான் புதுச் சரக்கு. அதை மருந்து என்று நினைத்துக்கொண்டு, மாவு அழிந்து பளபளக்கிற பழையதாகப் பார்த்து எடுக்கிறவர்களும் உண்டு. நான் வாயைத் திறப்பதில்லை. மற்ற ஊரில் திராட்சைக்கு ஒரு சீசன், கம்பத்தில் வருஷம் பூராவும் ஏதாவது ஒரு பந்தலில் காய் இருக்கும். 2023-ல் அதற்கும் புவிசார் குறியீடு வந்துவிட்டது. குறியீடு வந்து என்ன, ஒரு மழை அடித்தால் பழம் வெடித்து, அறுபது ரூபாய்க்குக் கேட்க ஆளில்லாமல் தள்ளுவண்டியில் சுற்றுகிறது. அப்போதும் விற்றுவிடுகிறது பார், அதைச் சொல்ல வந்தேன். ஜூஸ் கடை எடுக்கும், பழைய பஸ் ஸ்டாண்டு பக்கம் கூறு போட்டு விற்பார்கள், எப்படியோ ராத்திரிக்குள் தீர்ந்துவிடும். கீழே ஏந்திக்கொள்ள ஆள் இருக்கிற பழம் அது. ஸ்ட்ராபெர்ரிக்கு அந்தக் கீழ்ப்படி கிடையாது. டப்பாவில் விற்றால் உண்டு, இல்லாவிட்டால் குப்பைத்தொட்டி.

அப்புறம் நாவல். ஆனி, ஆடி இரண்டு மாதமும் என் கடைக்கு அதுதான் லட்சுமி. சர்க்கரைக்கு நல்லது என்று யாரோ கிளப்பிவிட்டதிலிருந்து கிலோ 200-க்குக் கீழே இறங்கவில்லை. விலையைச் சொன்னதும், "பழமுதிர்சோலையில முருகன் ஔவைக்குச் சும்மாதானம்மா உதுத்துப் போட்டாரு" என்று ஒரு பெரியவர் கேட்டார். அவரை அங்கே போய் உலுக்கச் சொல்லியிருக்க வேண்டும், நாக்கு நுனி வரை வந்தது.

நாவல் மரத்துக்கு முதலா முட்டா, தானாகக் காய்க்கிறது என்று நீ போனில் சொன்னாய். அதற்கு நான் 'ம்' கூடச் சொல்லவில்லை, கவனித்தாயா? நத்தம் பக்கத்திலிருந்து எங்களுக்குக் கொண்டுவருகிற அண்ணன் மரம் மரமாகக் குத்தகை பேசி, அவரே ஏறி உலுக்குவார், கீழே பெண்கள் வலையைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். நாவல் கிளை பார்க்கத்தான் தடிப்பு, வளையவே வளையாது, சொல்லாமல் கொள்ளாமல் முறியும். இந்த ஆனியில் முறிந்துவிட்டது. இடுப்பு எலும்பு. இன்னும் படுக்கையில்தான் இருக்கிறார். சீசன் முடியும் வரை அவர் மனைவிதான் வந்தார். கொட்டானில் நாவல் இலையை விரித்து, மண் ஒட்டினதைத் தனியாகப் பிரித்து, உள்ளங்கையெல்லாம் ஊதாவாக வந்து உட்காருவார். நான் எடை போட்டு முடிக்கும்வரை புருஷனைப் பற்றி ஒரு வார்த்தை பேசமாட்டார். ஒரு நாள் மட்டும், "அடுத்த வருசம் மரம் பேச ஆளில்லக்கா" என்றார். நான் ஒன்றும் சொல்லத் தெரியாமல் முழு ரூபாயாகக் கணக்குப் பண்ணிக் கொடுத்து அனுப்பினேன்.

இப்போது கோபப்படாமல் கேள். அண்ணனுடைய ரிட்டயர்மென்ட் பணம் போதாமல் உங்க அம்மா போட்ட காசுமாலையையும் அடகு வைக்கப் போகிறாயாம். பாப்பா அழுதுகொண்டேதான் சொன்னாள், நான் சொன்னதாக அவளைக் கேட்காதே. அந்த மாலையை வைக்காதே. நாற்று வந்து இறங்குவதற்குள் குத்தகைக்காரருக்கும், சொட்டுநீர்க் குழாய் போடுகிறவருக்கும், மூடாக்கு ஷீட் விற்கிறவருக்கும், நாற்றுக்காரருக்கும் பணம் போய்ச் சேர்ந்துவிடும். அத்தனை பேரும் லாபத்தோடு வீட்டுக்குப் போன பிறகுதான் முதல் பழமே சிவக்கும். விலை என்னவோ ஆகட்டும் என்று கடைசியில் நிற்கப்போவது நீங்கள் மட்டும்தான்.

மாப்பிள்ளை நல்ல பையன், சுறுசுறுப்பு, எனக்குத் தெரியாதா? அந்தச் சுறுசுறுப்புக்கு விவசாயம் வேண்டாம், வியாபாரம் செய்யட்டும். இந்த வருஷம் ஒரு சென்ட் நிலமும் எடுக்க வேண்டாம். மேலே ஏற்கெனவே போட்டிருக்கிறவர்களிடம் ஆர்டருக்குத் தகுந்த மாதிரி வாங்கி, தை, மாசி முகூர்த்தத்துக்கு மட்டும் முந்தின நாள் ராத்திரி ஐஸ் பெட்டியில் இறக்கட்டும். எனக்குத் தெரிந்த கேட்டரிங்காரர் மூணு பேர் இருக்கிறார்கள், நானே கூட்டிக்கொண்டு போய் அறிமுகம் செய்து வைக்கிறேன். மண்டிக்குக் கொண்டுபோனால் நூற்றுக்குப் பத்து கமிஷன், இறக்குக்கூலி தனி. இங்கே அது கிடையாது. ஒரு சீசன் பார்க்கட்டும். அதிலும் காசு நின்றால், அடுத்த ஆவணியில் ஏக்கரா, அரை ஏக்கரா என்று பேசுவோம். அப்போது நானும் கொஞ்சம் போடுகிறேன், பொய்யில்லை.

நம்ம ரெட்டைச்சடை மகளுக்குத் தையில்தான் கல்யாணம், பத்திரிகை உனக்கும் வரும். சமையல், ஸ்டால் எல்லாம் நான் சொன்ன ஆட்களில் ஒருத்தர்தான். அந்த முகூர்த்தத்துக்குப் பதினைந்து கிலோ கொண்டுவரச் சொல்லு. ஒரே அளவுப் பழமாக, காம்பு பச்சையாக, கழுவாமல். பணம் அன்றைக்கே கையில் வாங்கித் தருகிறேன். நசுங்கினதைத் தள்ளிவிட்டுத்தான் எடை போடுவேன், மாப்பிள்ளை என்று பார்க்க மாட்டேன்.

உன்,
கணக்குப்பிள்ளை