முதலில் ஸ்பீக்கர், அப்புறம் புரொஜெக்டர்

ஒடுகத்தூர்

அன்புள்ள முருகா,

உன் கடிதம் வந்தது. பேத்திக்குக் காது குத்திய போட்டோவை அம்மா தலைமாட்டிலேயே வைத்திருக்கிறாள். மூட்டு வலி ஒன்றுதான், மற்றபடி நன்றாக இருக்கிறாள்.

சரி, உன் யோசனைக்கு வருகிறேன். பீஞ்சமந்தைப் பக்கத்து மலை ஊர்களில் படம் காட்ட புரொஜெக்டர் வாங்கித் தருகிறேன் என்கிறாய். தாராளமாக வாங்கு. ஆனால் பணம் முழுவதையும் அதிலேயே கொட்டிவிடாதே. போன மாதம் நாங்கள் மேலே போனபோது படம் பளிச்சென்றுதான் விழுந்தது, வசனம்தான் கேட்கவில்லை. திறந்த வெளியில் சத்தம் தங்காது, காற்றோடு போய்விடும். போதாததற்கு ஜெனரேட்டர் பக்கத்திலேயே கத்தியது. படம் மங்கினால் சனங்கள் பொறுத்துக்கொள்கிறார்கள், பேச்சு புரியாவிட்டால் எழுந்துவிடுகிறார்கள். அதனால் முதலில் நல்ல ஸ்பீக்கர், ஜெனரேட்டரைத் தள்ளி வைக்க நீள ஒயர்.

திரைக்கு வேட்டியையே இரண்டு மூங்கிலுக்கு நடுவில் கட்டினோம். காற்றடித்தபோதெல்லாம் கதாநாயகன் கன்னம் உப்பி வற்றியது, பிள்ளைகள் அதற்கே விழுந்து விழுந்து சிரித்தார்கள். கீழ் ஓரத்தையும் இழுத்துக் கட்ட வேண்டும். இடம் போதாமல் திரைக்குப் பின்னால் உட்கார்ந்தவர்களுக்கும் படம் தெரிந்தது. இடம் வலம் மாறிக் கதாநாயகன் இடது கையால் குத்தினான், அவ்வளவுதான்.

இன்னொன்று. குடிக் கெடுதி, சுகாதாரம் என்று நீ அனுப்பிய படப் பட்டியல் வேண்டாமடா. அவர்கள் கேட்டது சண்டைப் படம். திருச்சியில் ரயில்வே வேலையில் இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட் 1905இல் ஒரு பிரெஞ்சுக்காரரிடம் மிஷின் வாங்கிக் கூடாரத்தோடு ஊர் ஊராகப் போனாரே, அவர் டிக்கெட் போட்டுத்தான் காட்டினார். காசு கொடுத்து வருகிறவனுக்குப் பிடித்ததைக் காட்டித்தானே ஆக வேண்டும்? நாம் இலவசம் என்றதும் பாடம் நடத்தக் கிளம்பிவிடுகிறோம். நம் டூரிங் டாக்கீஸில், ஒரே மிஷின் என்பதால் ரீலுக்கு ரீல் நிறுத்தியும், மணலைக் குவித்து உட்கார்ந்து பார்த்தோமே, யார் நமக்குப் பாடம் நடத்தினார்கள்?

எந்தப் படம் என்று ஊர்க்காரர்களையே கேட்டு எழுதுகிறேன். அதன் உரிமைக்காரரிடம் அனுமதிக் கடிதம் வாங்குவது உன் பொறுப்பு; இலவசமாகக் காட்டினாலும் அது வேண்டும்.

மார்கழி வேண்டாம், மலைப் பனியில் லென்ஸ் வேர்த்துவிடும். மாசியில் வைத்துக்கொள்வோம். ஸ்பீக்கரை மட்டும் முன்னாலேயே பார்சலில் போடு, வேலூரில் போய் எடுத்துக்கொள்கிறேன்.

அன்புடன்,
கோபால்