உடல்நலப் பாடம் எழுதுவோருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய பாடநூல் ஆசிரியர்களுக்கு,

வணக்கம். நுரையீரல் நோயாளிகளுக்கு மூச்சுப் பயிற்சி கற்றுத்தருவது என் பணி. நான் பார்த்த பாடங்களில் பெரும்பாலானவை, புகைபிடித்தால் புற்றுநோய் வரும் என்ற ஒற்றை வரியோடு முடிந்துவிடுகின்றன. அந்த வரி பொய்யன்று. புகையிலுள்ள 7,000க்கும் மேற்பட்ட வேதிப்பொருள்களில் ஏறத்தாழ 70 புற்றுநோயைத் தூண்டுபவை. ஆனால் 15 வயதுப் பிள்ளைக்கு, 60 வயதில் வரக்கூடிய நோய் வேறு யாருக்கோ வரும் நோயாகவே படும்.

முதல் இழுப்பிலேயே என்ன நடக்கிறது என்பதை எழுதுங்கள். சுமார் 10 விநாடிகளில் நிக்கோட்டின் மூளையை எட்டுகிறது. நாடித்துடிப்பு கூடுகிறது, இரத்தக் குழாய்கள் சுருங்குகின்றன. கூடவே வரும் கார்பன் மோனாக்சைடு, ஆக்சிஜனைவிட 200 மடங்குக்கு மேல் இறுக்கமாக, இரத்தத்தில் ஆக்சிஜனைச் சுமக்கும் ஹீமோகுளோபினைப் பற்றிக்கொள்வதால், கூடுதலாக உழைக்கும் இதயத்துக்குக் குறைவான ஆக்சிஜனே கிடைக்கிறது. 'ஒரு நாளைக்கு ஒன்றுதான்' என்று சமாதானம் சொல்வோர் உண்டு. அந்த ஒன்றே, நாளுக்கு 20 சிகரெட் பிடிப்பவருக்கு இதயநோய் வரும் கூடுதல் ஆபத்தில் ஏறக்குறைய பாதியைக் கொண்டுவந்துவிடுகிறது.

என்னிடம் வருவோரில் பலருக்குப் புற்றுநோய் இல்லை. சட்டையில் இரண்டு பொத்தான்களைப் போட்டுவிட்டு, மூன்றாவதைப் போடுமுன் கட்டில் விளிம்பில் அமர்ந்து, முழங்கால்மேல் கைகளை ஊன்றி, உதட்டைக் குவித்து மெல்ல ஊதியபடி இளைப்பாறுவார்கள். மூச்சை இழுக்க முடியவில்லை என்பார்கள். உண்மையில், நுரையீரலில் காற்று நிறையும் நுண்ணறைகளின் சுவர்கள் புகையால் சிதைந்துபோனதால், வெளியேற வேண்டிய காற்று உள்ளேயே தங்கி, புதுக் காற்றுக்கு இடமில்லாமல் செய்துவிடுகிறது. சிதைந்த சுவர்கள் மீண்டும் வளர்வதில்லை. கருகிய நுரையீரல் படத்துக்குப் பதிலாக அந்த மூன்றாவது பொத்தானை அச்சிடலாம் என்று எனக்குத் தோன்றும்.

புகைப்பதை விட்டவர்களுக்கும் ஒரு பத்தி ஒதுக்குங்கள். ஓரிரு நாளில் இரத்தத்திலுள்ள கார்பன் மோனாக்சைடு இயல்பு நிலைக்கு இறங்குகிறது. ஓராண்டில் இதயநோய்க்கான கூடுதல் ஆபத்து பாதியளவுக்குக் குறைகிறது. ஆனால் முதல் சில வாரங்களில் சிலருக்கு இருமல் கூடும். மூச்சுக்குழாயில் சளியை மேலே தள்ளும் குற்றிழைகள், புகையால் முடங்கிக் கிடந்தவை, மீண்டும் வேலையைத் தொடங்குவதன் அடையாளம் அது. இது தெரியாமல், விட்டதால்தான் இருமல் வந்தது என்று நம்பி மறுபடி பற்றவைத்தவர்களை நான் கண்டிருக்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு மூச்சுப் பயிற்சியாளர்