மானின் கழுத்தில் இருந்த எழுத்து

அன்புள்ள மகளுக்கு,

நீ அனுப்பிய அத்தியாயத்தை ராத்திரியே உட்கார்ந்து படித்து முடித்துவிட்டேன். பதினாறாம் நூற்றாண்டு ஆங்கிலக் கவிஞர் தாமஸ் வயட்டின் மான் கவிதையை, அதுதான் ஒரு பெண்ணை மானாக வைத்து வேட்டையாடும் கவிதையை, பல வருஷம் வகுப்பில் நடத்தியவள் நான். கைகூடாத காதல் என்று சொல்லிவிட்டு அடுத்த கவிதைக்குப் போய்விடுவேன். அதற்கு மூலமான, இத்தாலியக் கவிஞர் பெத்ரார்க்கின் கவிதையைப் பக்கத்தில் வைத்து நீ காட்டிய பிறகுதான், எவ்வளவு விட்டிருக்கிறேன் என்று தெரிந்தது.

பெத்ரார்க்கின் வெள்ளை மான் கழுத்தில் வைர எழுத்தில் "யாரும் என்னைத் தொடாதீர்கள், என் சீசர் என்னைச் சுதந்திரமாக விட்டிருக்கிறார்" என்று இருக்கிறது. அந்தச் சீசரைக் கடவுள் என்றே பெரும்பாலும் படிப்பார்கள். வயட் அதே வைர எழுத்தை "என்னைத் தொடாதே, நான் சீசருடையவள்" என்று மாற்றிவிடுகிறார். இங்கிலாந்து அரசர் எட்டாம் ஹென்றியின் அரண்மனையில் இருந்தவர் வேறு எப்படி எழுதுவார்? மான் என்பது ஹென்றி மணந்த ஆன் பொலின்தான் என்று பலரும் சொல்வார்கள். கவிதையில் பெயர் இல்லை என்று நீ நிதானமாக எழுதியிருப்பது எனக்குப் பிடித்தது. 1536 மே மாதம் ஆனின் தலை வெட்டப்பட்டபோது வயட்டும் லண்டன் டவரில் கைதியாக இருந்தார். "தொடாதே" என்பதில் இருக்கும் பயம் புரிய அது போதும்.

ஒன்று சொல்கிறேன், கோபிக்காதே. ஆசையும் அதிகாரம் செய்து கொடுத்ததுதான் என்ற முடிவுக்கு அவசரமாக வந்துவிடுகிறாய். 1980-இல் இலக்கிய விமர்சகர் கிரீன்பிளாட் வயட்டை அரசவையோடு சேர்த்துப் படித்தார், சரி. ஆனால் கடைசி வரியைப் பார். சாதுவாகத் தெரிந்தாலும் பிடித்து வைக்க முடியாதவள் என்கிறது. கழுத்தில் "நான்" என்று எழுதி மாட்டியவன் சொந்தக்காரன். தன் உடைமையைப் பற்றி அவனே இப்படி எழுதி வைப்பானா? அந்த இடத்தில் மானே பேசுகிறது என்றுதான் எனக்குப் படுகிறது. நீ அதற்கு அரை வரி கொடுத்திருக்கிறாய். ஒரு பக்கமாவது கொடு.

அப்புறம் அந்தக் களைப்பு. கவிதையில் பேசுகிறவன் வேட்டைக்காரர்களில் கடைசி ஆளாக வருகிறான். காற்றை வலையில் பிடிக்கிற வேலை, விட்டுவிடுகிறேன் என்கிறான். மனசு மட்டும் மான் பின்னாலேயே போகிறது. அதிகாரம், கருத்தியல் என்று எழுதும்போது இந்த மனுஷனின் மூச்சிரைப்பு உன் பக்கங்களில் கேட்கவில்லை, கண்ணு.

ஓரத்தில் பென்சிலால் குறித்தவற்றைப் படம் எடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்புகிறேன். திருத்தியதை எனக்குத்தான் முதலில் அனுப்ப வேண்டும்.

அன்புடன்,
அம்மா