கண்டனத்தில் விடுபட்ட எண்ணெய்

ஆசிரியர் அவர்களுக்கு,

எத்தியோப்பியா மீதான இத்தாலியப் படையெடுப்பை உலக நாடுகள் கண்டித்தன என்று மட்டும் எழுதிவிட்டால் அது பாதி உண்மையே. 1935 அக்டோபர் 3-ஆம் தேதி முசோலினியின் படைகள் எல்லை தாண்டிய நான்கே நாளில், ஐ.நா.வுக்கு முன்னோடியான சர்வதேச சங்கத்தின் உடன்படிக்கையை மீறி இத்தாலி போர் தொடுத்ததாக அச்சங்கத்தின் கவுன்சில் அறிவித்தது மெய்தான். ஆனால் நவம்பரில் நடைமுறைக்கு வந்த பொருளாதாரத் தடைகளில், லாரிகளையும் குண்டுவீச்சு விமானங்களையும் ஓட்டிய எண்ணெய் இடம்பெறவே இல்லை. பிரிட்டனின் பிடியிலிருந்த சூயஸ் கால்வாயோ துருப்புக் கப்பல்களுக்குக் கடைசிவரை திறந்தே கிடந்தது.

கடுகு வாயு என்னும் நச்சு வாயு வானிலிருந்து பொழியப்பட்டதை 1936 ஜூன் 30 அன்று ஜெனீவாவில் விவரிக்க எழுந்த எத்தியோப்பியப் பேரரசர் ஹைலே செலாசியை நோக்கி, சங்கத்தின் அவையிலிருந்த இத்தாலியப் பத்திரிகையாளர்கள் (பேனா பிடித்தவர்கள்தாம்!) சீழ்க்கையடித்தனர். அடுத்த மாதமே அந்தத் தடைகளும் விலக்கிக்கொள்ளப்பட்டன.

தங்கள் வாசகர்,
மதுரை