அமுண்ட்சென் வென்றது அதிர்ஷ்டத்தால் அல்ல

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற இதழின் சிறுவர் பக்கத்தை வழக்கம்போல் பேத்திக்கு வாசித்துக் காட்டிக்கொண்டிருந்தேன். 'அதிர்ஷ்டம் கைகொடுத்ததால் அமுண்ட்சென் ஸ்காட்டை முந்தித் தென்துருவத்தை அடைந்தார்' என்ற வரி வந்ததும், மேலே வாசிக்க மனம் வரவில்லை. நார்வேக்காரர் அமுண்ட்செனும் ஆங்கிலேயர் ஸ்காட்டும் தென்துருவத்தை முதலில் அடையப் போட்டியிட்டவர்கள்.

நான் 26 வருடம் மண்ணெண்ணெய் அளந்து ஊற்றியவன். ஸ்காட் குழுவினர் திரும்பும் வழியில், பனியில் வைத்துவிட்டுப் போன டின்களைத் திறந்தபோது எண்ணெய் குறைந்திருந்தது. மூடியில் போட்டிருந்தது தோல் வாஷர். கடுங்குளிரில் அது கெட்டு, எண்ணெய் கசிந்து ஆவியாகிவிட்டது. எண்ணெய் இல்லாவிட்டால் அடுப்பு எரியாது. அடுப்பு எரியாவிட்டால் அங்கே பனியை உருக்கிக் குடிக்கக்கூட வழியில்லை. அமுண்ட்சென் தன் டின்களை ஈயம் வைத்துப் பற்றவைத்திருந்தார். இதற்குப் பெயர் அதிர்ஷ்டமா ஐயா?

என் பீப்பாயின் வாஷரும் ஒருமுறை போய்விட்டது. மாற்றித் தரச் சொல்லி மூன்று முறை எழுதினேன். கடைசியில் இருப்பு குறைந்தபோது, "உனக்கு நேரம் சரியில்லைப்பா" என்று சொல்லிச் சம்பளத்தில் பிடித்துக்கொண்டார்கள். அந்தப் பேச்சை அச்சில் மறுபடி பார்த்ததுதான் வலிக்கிறது.

தங்களுக்குத் தெரியாததல்ல. 1903 முதல் 1905 வரை வடதுருவப் பகுதியில் வாழும் நெட்சிலிக் இனுயிட் மக்களிடையே இருந்து, தோல் உடுப்பும் நாய்வண்டியும் பழகியவர் அமுண்ட்சென். தென்துருவப் பாதையில், தெற்கு அட்சரேகை 80 பாகையில் வைத்த உணவுக் கிடங்கு பனியில் தவறிவிடக் கூடாதென்று, இருபுறமும் பத்துப் பத்துக் கொடி நட்டார். ஸ்காட்டின் 'ஒரு டன்' கிடங்கும் அதே 80 பாகையில் வர வேண்டியது. குதிரைகள் துவண்டுபோனதால் சுமார் 55 கி.மீ. முன்னதாகவே வைத்துவிட்டார்கள். திரும்பும் வழியில் ஸ்காட்டும் கூட்டாளிகளும் உயிர்விட்ட கடைசிக் கூடாரம் அந்தக் கிடங்குக்கு 20 கி.மீ. தொலைவில்தான் கிடந்தது.

ஸ்காட்டைக் குறைத்துப் பேசவில்லை. சாகும் தறுவாயிலும் 16 கிலோ பாறை மாதிரிகளை விடாமல் இழுத்து வந்தவர்கள் அவர்கள். அமுண்ட்செனும் 1911 செப்டம்பரில் அவசரப்பட்டுக் கிளம்பி, குளிர் தாங்காமல் திரும்பியவர்தான். அப்புறம் பொறுத்திருந்து, அக்டோபரில் மறுபடி புறப்பட்டார்.

இரண்டு வருடத்துக்கு முன் இதே பக்கத்தில் தென்பகுதிப் பெங்குவினும் வடதுருவப் பனிக்கரடியும் ஒரே படத்தில் நின்றன. அப்போதும் எழுதினேன், பதில் இல்லை. சரி, அதை விடுங்கள். அடுத்த இதழில் அதே பக்கத்தில், 'அதிர்ஷ்டத்தால்' என்பதை 'முன்னேற்பாட்டால்' என்று திருத்தி ஒரு வரி போட்டால் போதும். பேத்திக்கு அதை வாசித்துக் காட்ட வேண்டும்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்,
விருத்தாசலம்